ஒரே ரிப்போர்ட், ஏழு வீடு!

புதிதாகக் கம்ப்யூட்டர் வாங்கியவர்களிடம் அதை வைத்து என்ன செய்கிறீர்கள் என்று கேட்டுப் பாருங்கள். பாட்டு, படம், கரண்ட் பில் கட்டுவது என்று சொல்வார்கள். நானும் அப்படித்தான் இருந்தேன். கச்சிராயபாளையத்தில் வீடு. சர்க்கரை ஆலையில் எழுத்தர் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். 2024 மே மாதம், ஸ்கேனரும் சேர்ந்த பிரிண்டரோடு ஒரு கம்ப்யூட்டர் வாங்கினேன். இரண்டே மாதத்தில் அது என்னை ஒரு வேலையில் இழுத்துவிட்டது. அதில் கற்றுக்கொண்டதை இங்கே சொல்கிறேன். வெளியூருக்கு வேலைக்குப் போகும் பிள்ளைகள் உள்ள வீடுகளில் இது உதவும்.

என் அக்கா மகனுக்கு அம்பத்தூர் தொழிற்பேட்டையில் வேலை கிடைத்தது. முதலில் மேன்ஷனில் தங்கினான். பிறகு கூட வேலை பார்க்கும் இரண்டு பேரோடு சேர்ந்து வாடகைக்கு வீடு தேடினான். பாடி, கொரட்டூர், அம்பத்தூர் என்று சுற்றினார்கள். ஒவ்வொரு வீட்டிலும் கேட்டது ஒன்றே: ஆதார் ஜெராக்ஸ், பான் கார்டு ஜெராக்ஸ், கம்பெனி அடையாள அட்டை, சம்பளச் சீட்டு. கல்யாணம் ஆகாத பையன்கள் என்பதால் அம்மா அல்லது அப்பாவின் ஆதாரும் வேண்டும். அக்காவின் ஆதாரை ஸ்கேன் செய்து வாட்ஸ்அப்பில் அனுப்பிவைத்தவன் நான்தான். புது ஸ்கேனர் அல்லவா, உற்சாகமாகவே செய்தேன்.

ஏழாவது வீடும் கைநழுவியபோது போன் செய்தான்.

“மாமா, ஒரு வீட்டுக்கு அஞ்சு தாளு. ஏழு வீட்டுக்கு முப்பத்தஞ்சு. ஒருத்தரும் திருப்பித் தரல. இன்னும் எத்தன பேருக்குத்தான் குடுக்கறது?”

இன்னொன்றும் சொன்னான். சொந்த ஊர் எது என்று கேட்டதும் ஒரு வீட்டுக்காரர், “கள்ளக்குறிச்சியா தம்பி? டிவியில காட்டினாங்களே, அந்த ஊரா?” என்று இழுத்திருக்கிறார். 2024 ஜூன் மாதம் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் மெத்தனால் கலந்த சாராயம் குடித்து அறுபதுக்கும் மேற்பட்டவர்கள் இறந்துபோனார்கள். பையன் வீடு தேடியது அதற்கு அடுத்த மாதம். எந்தத் தப்பும் செய்யாதவன் ஊர்ப் பெயருக்காகத் தலைகுனிந்து நின்றிருக்கிறான். ‘நான் நல்லவன்’ என்று வாயால் சொன்னால் யார் நம்புவார்கள்? அதை யாராவது ஒருமுறை விசாரித்து எழுதிக் கொடுத்து, அந்தத் தாளையே எல்லா வீட்டிலும் காட்ட முடிந்தால்? அன்று இரவு இந்தக் கேள்வியோடுதான் கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்தேன்.

அமெரிக்காவில் இதற்குச் சட்டமே இருக்கிறது

தேடியதில் முதலில் கிடைத்தது அமெரிக்கச் செய்திதான். அங்கே வாடகைக்கு வீடு கேட்டால், வீட்டுக்காரர் ஒரு நிறுவனத்தின் மூலம் உங்களைப் பற்றி விசாரிப்பார். கடனை ஒழுங்காகக் கட்டுகிறீர்களா, முன்பு எந்த வீட்டிலிருந்தாவது கோர்ட் மூலம் காலி செய்யப்பட்டீர்களா, குற்ற வழக்கு உண்டா, வேலை உண்மைதானா என்றெல்லாம் பார்ப்பார்கள். அதற்கான கட்டணத்தை வீடு கேட்பவர்தான் கட்ட வேண்டும். முப்பது, நாற்பது டாலர் என்பது சாதாரணம். வீடு கிடைக்காவிட்டால் பணம் திரும்பாது. அடுத்த வீட்டில் மறுபடி முதலில் இருந்து.

இதற்கு அவர்கள் கண்ட வழி, திரும்பத் திரும்பப் பயன்படுத்தும் ரிப்போர்ட். நீங்களே ஒருமுறை பணம் கட்டி வாங்கிக்கொள்வீர்கள். அது முப்பது நாள் வரை எத்தனை வீட்டுக்கும் செல்லும். நியூயார்க் மாநிலம் 2019ல் இந்தக் கட்டணத்துக்கு 20 டாலர் என்று வரம்பு வைத்தது. முப்பது நாளுக்குள் எடுத்த ரிப்போர்ட்டை நீங்களே கொடுத்தால் அந்தக் கட்டணமும் கிடையாது. கலிபோர்னியாவில் 2023 ஜனவரியில் இருந்து சட்டம் இருக்கிறது. ஆனால் அங்கே வீட்டுக்காரர் விரும்பினால் ஏற்கலாம், இல்லாவிட்டால் மறுக்கலாம். ஏற்றுக்கொண்டால் தனியாகக் கட்டணம் கேட்கக்கூடாது. கொலராடோ இன்னும் ஒரு படி மேலே போய், சில விதிவிலக்குகள் தவிர வீட்டுக்காரர் ஏற்றே ஆக வேண்டும் என்று 2023ல் சட்டம் போட்டுவிட்டது.

இதில் எனக்குப் பிடித்தது கட்டணம் மிச்சமாவது அல்ல. ரிப்போர்ட்டை முதலில் பார்ப்பவர் நீங்கள் என்பதுதான். அதில் தப்பு இருந்தால் வீட்டுக்காரர் கைக்குப் போகும் முன் திருத்தச் சொல்லலாம். தப்பு வருமா என்கிறீர்களா? நன்றாக வரும். டிரான்ஸ்யூனியன் என்ற பெரிய நிறுவனத்தின் வாடகைதாரர் விசாரணைப் பிரிவு, வீடு காலி செய்த வழக்கு விவரங்களைச் சரியாகத் தரவில்லை என்று அமெரிக்க அரசு அமைப்புகள் நடவடிக்கை எடுத்து, 2023 அக்டோபரில் அது 1.5 கோடி டாலர் கட்ட ஒப்புக்கொண்டது. நம் ஊரை நினைத்துப் பாருங்கள். ஒரே பெயர், ஒரே இனிஷியல், ஒரே தெரு. எங்கள் தெருவில் மட்டும் ஒரே பெயரில் மூன்று பேர் இருக்கிறார்கள். தபால்காரரே குழம்புகிறார்.

நம் ஊரில் என்ன இருக்கிறது?

சென்னையில் வாடகைதாரர் விவரம் கேட்பது சூடு பிடித்தது 2012ல். அந்த ஆண்டு பிப்ரவரி 23 அதிகாலை, வேளச்சேரியில் ஒரு வாடகை வீட்டில் இருந்த ஐந்து பேர், வங்கிக் கொள்ளையர்கள் என்று சந்தேகிக்கப்பட்டவர்கள், போலீசாரால் சுட்டுக்கொல்லப்பட்டார்கள். அதையடுத்து, வீட்டு உரிமையாளர்கள் வாடகைக்கு இருப்பவர்களின் விவரங்களைக் காவல் நிலையத்தில் கொடுக்க வேண்டும் என்று சென்னை மாநகரப் போலீஸ் உத்தரவிட்டது. அந்தப் படிவம் வீட்டுக்காரர் கொடுப்பது. வாடகைதாரர் கையில் எதுவும் மிஞ்சாது. அடுத்த வீட்டுக்குப் போனால் அடுத்த படிவம்.

இப்போது தமிழ்நாடு காவல்துறையின் இணையதளத்தில் ‘போலீஸ் வெரிஃபிகேஷன்’ என்று ஒரு சேவை இருக்கிறது. வீட்டு வேலைக்கு ஆள் வைப்பவர், வாடகைக்கு விடுபவர், வேலைக்குச் சேர்பவர் என்று பலரும் இதில் விண்ணப்பிக்கலாம். தனி நபருக்குக் கட்டணம் 500 ரூபாய். பணம் கட்டும் முன் தளத்தில் ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள். இங்கேதான் கவனிக்க வேண்டிய விஷயம். வீட்டுக்காரர் உங்களைப் பற்றி விசாரிக்கச் சொன்னால் ரிப்போர்ட் அவருடையது. உங்களைப் பற்றி நீங்களே விண்ணப்பித்தால் ரிப்போர்ட் உங்களுடையது! ஏழு வீட்டுக்காரர்களும் தனித்தனியே விண்ணப்பித்தால் 3,500 ரூபாய். நீங்களே எடுத்தால் 500.

பையனிடம் சொன்னேன். அவனுக்கு நேரமில்லை, ஷிப்ட் வேலை. “நீங்களே போட்டுடுங்க மாமா, ஓடிபி வந்தா சொல்றேன்” என்றான்.

முதலில் மொபைல் எண் கொடுத்துப் பதிவு செய்ய வேண்டும். பிறகு இப்போது இருக்கும் முகவரி, நிரந்தர முகவரி, எந்தத் தேதியில் இருந்து அங்கே இருக்கிறார் என்ற விவரங்கள். போட்டோ, அடையாளச் சான்று அப்லோட் செய்ய வேண்டும். நான் மாட்டிக்கொண்டது போட்டோவில்தான். ஸ்கேன் செய்த போட்டோ பைல் பெரிதாக இருந்ததால் தளம் ஏற்கவே இல்லை. நான்கு முறை முயன்று, கம்ப்யூட்டர் கெட்டுப்போய்விட்டது என்றே முடிவு கட்டினேன். உங்களுக்கும் இப்படி நேர்ந்தால் பதற வேண்டாம். போட்டோவை ‘பெயிண்ட்’ புரோகிராமில் திறந்து ‘ரீசைஸ்’ என்பதை கிளிக் செய்யுங்கள். சதவீதத்தில் 30 என்று கொடுத்து, ‘சேவ் ஆஸ்’ மூலம் ஜேபெக் பைலாக வேறு பெயரில் சேமியுங்கள். அளவு பல மடங்கு குறைந்துவிடும். பழைய பைல் அப்படியே இருக்கும்.

கச்சிராயபாளையம் காவல் நிலையத்தில் இருந்து வீட்டுக்கு ஒரு போன் வந்தது. அக்கா பயந்துபோய் என்னிடம் ஓடி வந்தாள். “போலீசு எதுக்குடா நம்ம பையனப் பத்திக் கேக்கறாங்க?” விளக்கிச் சொல்லி அனுப்பினேன். பன்னிரண்டாம் நாள் ரிப்போர்ட் வந்தது. அவன் பேரில் வழக்கு எதுவும் இல்லை.

பிரிண்ட் எடுத்தால் போச்சு!

ரிப்போர்ட் வந்ததும் நான் செய்த முதல் காரியம், ஐந்து பிரிண்ட் எடுத்தது. ஆலையில் முப்பது வருடம் தாளோடு வாழ்ந்தவன், வேறென்ன செய்வேன்? பெருமையோடு பையனுக்குச் சொன்னேன். அவன் கேட்ட கேள்வி என்னை உட்கார வைத்துவிட்டது. “மாமா, இத நீங்களே கம்ப்யூட்டர்ல அடிச்சு எடுத்ததுன்னு வீட்டுக்காரர் சொன்னா?”

நியாயம்தான். பிரிண்ட் எடுத்த தாளை யாரும் தயாரிக்கலாம். அதை நம்பச் சொல்வது, வாயால் சொன்னதை நம்பச் சொல்வது போல. அதனால்தான் அமெரிக்காவிலும் ரிப்போர்ட் விசாரித்த நிறுவனத்திடம் இருந்தே வீட்டுக்காரருக்குப் போக வேண்டும், அல்லது அவர் நேரே பார்க்க வழி இருக்க வேண்டும் என்று வைத்திருக்கிறார்கள். நம் போலீஸ் ரிப்போர்ட்டில் ஓர் எண் இருக்கிறது. அந்த எண்ணைக் கொண்டு வீட்டுக்காரர் காவல்துறைத் தளத்திலேயே சரிபார்த்துக்கொள்ளலாம். ஆகவே தாளைக் கொடுக்கும்போது எண்ணைப் பேனாவால் வட்டமிட்டு, எங்கே பார்ப்பது என்றும் சொல்லிக் கொடுங்கள். பெரும்பாலான வீட்டுக்காரர்களுக்கு இப்படி ஒரு வசதி இருப்பதே தெரியாது.

இதே விஷயம் இ-ஆதாருக்கும் பொருந்தும். ஆதார் தளத்தில் இருந்து இறக்கும் பிடிஎப் பைலில் டிஜிட்டல் கையெழுத்து இருக்கிறது. இந்தக் கையெழுத்து பைலுக்குள் உட்கார்ந்திருக்கும் ஒரு கணக்கு. பைலில் ஓர் எழுத்தை மாற்றினாலும் கணக்கு உதைக்கும். பிரிண்ட் எடுத்தாலோ, போட்டோ எடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்பினாலோ கையெழுத்து கூட வராது. படம் மட்டும்தான் வரும்.

நீங்களே சோதித்துப் பார்க்கலாம். இ-ஆதார் பைலை அடோபி ரீடரில் திறங்கள். பாஸ்வேர்ட் கேட்கும். ஆங்கிலத்தில் உங்கள் பெயரின் முதல் நான்கு எழுத்து பெரிய எழுத்தில், அதையடுத்து பிறந்த வருடம். கையெழுத்து இருக்கும் இடத்தில் மஞ்சள் நிறத்தில் ஒரு கேள்விக்குறி தெரியலாம். போலி என்று பயப்பட வேண்டாம். கையெழுத்துப் போட்டவரை உங்கள் கம்ப்யூட்டருக்கு இன்னும் தெரியாது, அவ்வளவுதான். இன்டர்நெட் இணைப்பில் இருக்கும்போது அதன் மேல் ரைட் கிளிக் செய்து ‘வேலிடேட் சிக்னேச்சர்’ கொடுங்கள். வரும் விண்டோவில் ‘சிக்னேச்சர் ப்ராபர்டீஸ்’, பிறகு சான்றிதழைக் காட்டும் பட்டன், அதில் ‘டிரஸ்ட்’ டேப், அங்கே நம்பகமானவர் பட்டியலில் சேர்க்கும் பட்டன். ஓகே கொடுத்து மறுபடி வேலிடேட் செய்தால் கேள்விக்குறி போய்ப் பச்சை டிக் வரும். அந்த டிக் வந்த அன்று நான் பக்கத்து வீட்டுக்காரரைக் கூப்பிட்டுக் காட்டினேன்.

டிஜிலாக்கரும் இந்த வகைதான். 2015ல் மத்திய அரசு தொடங்கியது. பத்தாவது, பன்னிரண்டாவது மதிப்பெண் சான்றிதழ், டிரைவிங் லைசென்ஸ் போன்றவற்றைக் கொடுத்த அலுவலகமே அதில் நேரடியாக வைத்திருக்கும். அப்படி அலுவலகம் வைத்த ஆவணம் சட்டப்படி ஒரிஜினலுக்குச் சமம். நீங்களே ஸ்கேன் செய்து அதில் ஏற்றிய பைல் அப்படி அல்ல. இரண்டும் ஒரே இடத்தில் இருப்பதால் பலர் குழப்பிக்கொள்கிறார்கள்.

அக்கா பெயரில் இரண்டாவது சிம்

ரிப்போர்ட் வருவதற்குக் காத்திருந்த நாட்களில் இன்னொரு விஷயம் தெரியவந்தது. மத்தியத் தொலைத்தொடர்புத் துறை 2023 மே மாதம் ‘சஞ்சார் சாத்தி’ என்ற தளத்தைத் தொடங்கியது. நம் பெயரில் எத்தனை மொபைல் இணைப்பு இருக்கிறது என்று அதில் பார்க்கலாம். சும்மா பார்ப்போமே என்று அக்காவின் எண்ணைக் கொடுத்தேன். ஓடிபி வந்தது. இரண்டு எண்களைக் காட்டியது. ஒன்று அவள் கையில் இருப்பது. மற்றொன்று?

அவளுக்குத் தெரியவில்லை. அவளுக்குத் தெரிந்தது ஒரே போன், அதில் பச்சை பட்டனும் சிவப்பு பட்டனும். பையனிடம் கேட்டால் அவனுடையதும் இல்லை. எப்படி வந்தது, யார் வாங்கினார்கள் என்று கடைசி வரை தெரியவில்லை. ஏழு வீட்டில் ஒன்றா, புரோக்கரா, எப்போதோ ரேஷன் கார்டுக்காக ஜெராக்ஸ் எடுத்த இடமா? யாரையும் கைகாட்ட என்னிடம் ஆதாரம் இல்லை, காட்டவும் மாட்டேன். ஆனால் ஸ்கேன் செய்து உற்சாகமாக அனுப்பியது நான்தானே என்று இரண்டு நாள் தூக்கம் வரவில்லை. அந்தத் தளத்திலேயே ‘இது என் எண் அல்ல’ என்று தேர்வு செய்து புகார் அனுப்பும் வசதி இருக்கிறது. அனுப்பினேன். சில நாட்களில் அந்த எண் பட்டியலில் இருந்து போய்விட்டது. நீங்களும் உங்கள் வீட்டில் உள்ள ஒவ்வொருவர் எண்ணுக்கும் இன்றே பார்த்துவிடுங்கள். ஐந்து நிமிட வேலை.

அடுத்த நாள் ஒரு வேலையாக பிரவுசிங் சென்டருக்குப் போனேன். அங்கே உட்கார்ந்த கம்ப்யூட்டரின் டெஸ்க்டாப் முழுக்க யார் யாருடையதோ ஆதார், பேங்க் பாஸ் புக், கல்யாணப் பத்திரிகை. பிரிண்ட் எடுக்க வந்தவர்கள் அப்படியே விட்டுப்போனவை. ரீசைக்கிள் பின்னும் நிரம்பி வழிந்தது. கடைக்காரத் தம்பியைக் குறை சொல்லவில்லை. நாம்தான் அழித்துவிட்டு எழ வேண்டும். ‘டவுண்லோட்ஸ்’ போல்டரில் உங்கள் பைலைத் தேர்வு செய்து, ஷிப்ட் கீயை அழுத்திக்கொண்டு டெலிட் தட்டினால் ரீசைக்கிள் பின்னுக்குப் போகாமல் நீங்கும். ஈமெயிலில் இருந்தும் வெளியே வந்துவிடுங்கள்.

2022 மே மாதம் நடந்தது நினைவிருக்கிறதா? ஆதார் ஆணையத்தின் பெங்களூரு அலுவலகம், ஆதார் ஜெராக்ஸைக் கண்ட இடத்தில் கொடுக்காதீர்கள், எண்ணை மறைத்த ஆதாரைக் கொடுங்கள் என்று அறிவித்தது. இரண்டே நாளில், மக்கள் தவறாகப் புரிந்துகொள்ளக்கூடும் என்று சொல்லி மத்திய அரசு அதைத் திரும்பப் பெற்றது. அறிவிப்பு போனாலும் எண்ணை மறைத்த ஆதார் போகவில்லை. ஆதார் தளத்தில் டவுண்லோட் செய்யும்போது ‘மாஸ்க்டு ஆதார்’ வேண்டுமா என்று ஒரு கட்டம் இருக்கும். அதில் டிக் செய்தால் கடைசி நான்கு எண் மட்டும் தெரியும் பைல் கிடைக்கும். வீட்டுக்காரருக்கு உங்கள் பெயர், முகம், ஊர் தெரிந்தால் போதும். பன்னிரண்டு எண் எதற்கு?

பையனுக்குக் கட்டிக்கொடுத்த பைல்

கடைசியில் அவனுக்காக ஒரு போல்டர் தயார் செய்தேன். போலீஸ் ரிப்போர்ட், மாஸ்க்டு ஆதார், கம்பெனி கொடுத்த பணிச்சான்று, மேன்ஷன் வாடகையை அவன் யுபிஐ மூலம் கட்டிய ஆறு மாத விவரம். இந்தக் கடைசித் தாள்தான் வீட்டுக்காரர்களுக்கு மிகவும் பிடித்தது என்று பிறகு சொன்னான். வாடகை ஒழுங்காகக் கட்டுவானா என்பதுதானே அவர்களுக்கு முதல் கவலை! சம்பளச் சீட்டைச் சேர்க்கவில்லை. அதில் பிஎப் எண், பேங்க் கணக்கு எண் எல்லாம் இருந்தன. பேங்க் கடன் விவரம் காட்டும் சிபில் ரிப்போர்ட்டை வருடத்துக்கு ஒருமுறை இலவசமாக எடுக்கலாம். எடுத்துப் பாருங்கள், ஆனால் வீட்டுக்காரரிடம் கொடுக்க வேண்டாம் என்பது என் அபிப்பிராயம். உங்கள் கடன் எல்லாம் அதில் வரிசையாக இருக்கும்.

தாளாகவே கேட்பவர்களுக்கு: படமாக இருக்கும் நகலைப் பெயிண்ட்டில் திறந்து, ‘ஏ’ என்ற எழுத்துக் கருவியைத் தேர்வு செய்து, படத்தின் நடுவே ‘கொரட்டூர் வாடகை வீட்டுக்காக மட்டும்’ என்று தேதியோடு எழுதிவிடுங்கள். எழுத்து ஓரத்தில் இருந்தால் வெட்டிவிடலாம். முகத்தையும் பெயரையும் தொட்டுக்கொண்டு குறுக்கே போக வேண்டும்.

ஈமெயிலில் கேட்பவர்களுக்கு ‘செவன்-ஜிப்’ என்ற இலவச புரோகிராம் இருக்கிறது. போல்டர் மேல் ரைட் கிளிக் செய்து, செவன்-ஜிப் மெனுவில் ‘ஆட் டு ஆர்க்கைவ்’ கொடுத்தால் பாஸ்வேர்ட் இடும் கட்டம் வரும். போல்டரை ஈமெயிலில் அனுப்புங்கள். பாஸ்வேர்டைப் போனில் சொல்லுங்கள். இரண்டையும் ஒரே ஈமெயிலில் எழுதினால் பூட்டைப் பூட்டிச் சாவியை அதிலேயே தொங்கவிட்ட கதைதான். நான் முதல்முறை அதைத்தான் செய்தேன்.

வீடு கிடைத்ததா?

எட்டாவது வீட்டுக்காரர் ரிப்போர்ட்டைத் தொட்டுக்கூடப் பார்க்கவில்லையாம். “இதெல்லாம் எனக்கு வேணாம் தம்பி, ஆதார் ஜெராக்ஸ் குடு” என்று விட்டார். இங்கே அவரைக் கட்டாயப்படுத்தச் சட்டம் இல்லை. தமிழ்நாட்டில் 2019 பிப்ரவரி 22ல் நடைமுறைக்கு வந்த வாடகைச் சட்டம், ஒப்பந்தத்தை எழுத்தில் போட்டுப் பதிவு செய்யச் சொல்கிறது. அதற்கென அரசுத் தளமும் இருக்கிறது. ஆனால் வாடகைதாரர் கொண்டுவரும் ரிப்போர்ட்டை ஏற்க வேண்டும் என்று எதுவும் சொல்லவில்லை.

ஒன்பதாவது வீடு கொரட்டூரில். வீட்டுக்காரர் ஓய்வு பெற்ற தபால் ஊழியர். ரிப்போர்ட் எண்ணைத் தன் பேத்தியிடம் கொடுத்துக் கம்ப்யூட்டரில் பார்க்கச் சொல்லியிருக்கிறார். சரியாக இருந்தது. கள்ளக்குறிச்சி பற்றி அவரும் கேட்டாராம். ஆனால் கையில் ரிப்போர்ட்டை வைத்துக்கொண்டு கேட்டது வேறு மாதிரி இருந்தது என்றான். அட்வான்ஸ் மூன்று மாத வாடகை.

எல்லாருக்கும் இது இப்படி முடியாது என்பதையும் சொல்ல வேண்டும். அவனோடு வீடு தேடிய இருவரில் ஒருவன் கல்வராயன் மலையைச் சேர்ந்தவன். வெள்ளிமலைப் பக்கம். அவன் பேரில் ஒரு பழைய வழக்கு இருந்து, கோர்ட்டில் விடுதலையாகிவிட்டது. ஆனாலும் ரிப்போர்ட்டில் என்ன எழுதி வருமோ என்று அவன் விண்ணப்பிக்கவே இல்லை. எவ்வளவோ சொல்லிப் பார்த்தேன். “உங்க பையனுக்கு ஒண்ணும் இல்ல சார், அதனால தைரியமா போடறீங்க” என்றான். என்னிடம் பதில் இல்லை. ரிப்போர்ட் காட்டுவது எல்லா வீட்டிலும் வழக்கமாகிவிட்டால், காட்டாதவன் மேல்தான் சந்தேகம் விழும். இப்போது அவன் ஆவடியில், ரிப்போர்ட் கேட்காத ஒரு வீட்டில் இருக்கிறான். வாடகை ஆயிரம் ரூபாய் அதிகம்.

போலீஸ் ரிப்போர்ட் அது எழுதப்பட்ட தேதியைப் பற்றித்தான் பேசும். ஒரு வருடப் பழைய ரிப்போர்ட்டைக் காட்டினால் வீட்டுக்காரர் தயங்குவதில் நியாயம் இருக்கிறது. வீடு தேடத் தொடங்கும் முன் எடுங்கள், தேடி முடிக்கும் வரை பயன்படுத்துங்கள்.

இத்தனையும் முடிந்த பிறகுதான் எனக்கு ஒன்று உறைத்தது. எங்கள் வீட்டு மாடியில் ஒரு போர்ஷன் இருக்கிறது. 2019 நவம்பரில் கள்ளக்குறிச்சி தனி மாவட்டமான பிறகு மாற்றலாகி வந்தவர்கள் சிலர் அதில் குடியிருந்திருக்கிறார்கள். அவர்களிடம் நானும்தான் ஜெராக்ஸ் வாங்கினேன். பீரோவைத் திறந்தால் ஒரு கட்டு. காலி செய்து போய் வருடங்கள் ஆனவர்கள், அவர்கள் மனைவி, அம்மா, எல்லாருடைய ஆதாரும். ஒரு ஞாயிற்றுக்கிழமை திண்ணையில் உட்கார்ந்து அத்தனையும் கிழித்தேன். அக்காவும் கூட உட்கார்ந்து கிழித்தாள். இப்போது குடியிருப்பவருடையதை மட்டும் வைத்திருக்கிறேன். கம்ப்யூட்டரில் ‘ஸ்கேன்ஸ்’ போல்டரிலும் சில இருந்தன. ஷிப்ட், டெலிட்.